அளவெடுக்கும் படம்: வாய்ப்புற்றுக்குக் கதிர்ச் சிகிச்சை திட்டமிடும் முறை

“ஏற்கெனவே மூன்று முறை ஸ்கேன் எடுத்தாயிற்று, இன்னும் ஒன்று எதற்கு?” புற்றுநோய்க்குக் கதிர்ச் சிகிச்சை பெறவிருப்பவரின் வீட்டில் இக்கேள்வி எழாதிருப்பது அரிது. கேட்பவர்மீது குற்றமில்லை. ஒவ்வொரு படத்திற்கும் ஒருநாள் வேலையை விட்டு வந்து, குளிர்ந்த அறையில் காத்திருந்து, வளையம் போன்ற கருவிக்குள் படுத்தெழுந்தவரை மீண்டும் அதே போன்ற வளையத்துக்குள் படுக்கச் சொன்னால் எவர்க்கும் ஐயம் தோன்றும்.

முன்னர் எடுத்தவை நோயைக் கண்டறியும் படங்கள். இது அளவெடுக்கும் படம். தையற்காரர் அளவெடுக்கும்போது வயிற்றை உள்ளிழுத்து நின்றவருக்குப் பின்னர்ச் சட்டை இறுகும். குறை நாடாவிலும் இல்லை, தைத்தவரிடத்தும் இல்லை. கதிர்ச் சிகிச்சைக்கென எடுக்கும் திட்டப்படமும் அத்தகையதே. அது நோயாளியின் உடலைக் காட்டுவதோடு, அந்த ஒரு நாளில் அந்த ஒரு கிடையில் அவ்வுடல் இருந்த நிலையையும் பதிவு செய்கிறது. அடுத்த ஆறு, ஏழு வாரங்களுக்கு நாள்தோறும் அதே கிடையில் அவர் படுத்தால்தான் அப்படம் மெய்யாகும். ஆகவே, படுப்பவர் தம்மிடம் என்ன எதிர்பார்க்கப்படுகிறது என்பதை அறிந்திருத்தல் சிகிச்சையின் துல்லியத்தில் ஒரு பகுதி. மொழி மன்றத்தின் சொற்பொழிவு வரிசையில் மருத்துவ இயற்பியலுக்கு இடமளிப்பதற்கு இதுவே காரணம்.

விளக்கத்துக்கு நாம் வாய்ப்புற்றை எடுத்துக்கொள்கிறோம். மலேசியாவில் இந்நோய் மற்ற இனத்தவரைவிட இந்தியரிடையே, அதிலும் நம் பெண்களிடையே, மிகுதியாகக் காணப்படுவதை நாட்டின் பதிவேடுகள் நெடுங்காலமாகக் காட்டிவருகின்றன. இதற்கான முதன்மைக் காரணங்களுள் ஒன்று வெற்றிலை பாக்கு. பாக்கு, புகையிலை சேராத நிலையிலும், மாந்தருக்குப் புற்றுநோய் விளைவிக்கும் பொருளே என்று உலக நலவாழ்வு அமைப்பைச் சார்ந்த அனைத்துலகப் புற்றுநோய் ஆய்வு முகவை 2004-இல் வெளியிட்ட தொகுதியில் வகைப்படுத்தியது. சுங்கை வேயும் அதன் சுற்றுப்புறமும் ஒருகாலத்தில் ரப்பர்த் தோட்டங்களும் ஈயச் சுரங்கங்களுமாய் இருந்தவை. மின்னணுத் தொழிற்சாலைகள் வந்தது பின்னாளில். விடியுமுன் பெரட்டுக்கு நின்று, மரம் வெட்டி, பால் எடுத்து முடியும்வரை பசியை அடக்கியது பல வேளைகளில் கன்னத்தில் ஒதுக்கிய அந்த வெற்றிலைச் சுருள்தான். அச்சுருள் தங்கிய இடத்திலேயே, கன்னத்தின் உட்புறத்திலேயே, பின்னாளில் புண் தோன்றுகிறது. தோட்டங்கள் மறைந்து அடுக்குமாடிகள் எழுந்த பின்னரும் பழக்கம் சிலரோடு கூடவே குடிபெயர்ந்தது.

இனி, எழுபது அகவையை நெருங்கும் ஒரு மூதாட்டியை எண்ணிக்கொள்வோம். கன்னப் புற்று அறுவையால் நீக்கப்பட்டுவிட்டது. எஞ்சியிருக்கக்கூடிய நுண்ணிய செல்களை அழிக்க, 6 வாரங்களில் 30 வேளைகளாக 60 கிரே அளவு கதிர் தரவேண்டும் என்று மருத்துவர் முடிவு செய்கிறார். கிரே என்பது ஒரு கிலோகிராம் திசு ஒரு ஜூல் ஆற்றலை ஏற்கும் அளவு. ஒரு வேளைக்கு 2 கிரே. இவ்வாறு பங்கிட்டுத் தருவதன் நோக்கம், நலமுள்ள திசு இடைப்பட்ட நேரத்தில் தன்னைச் செப்பனிட்டுக்கொள்ளட்டும் என்பதே.

திட்டப்படம் எடுக்கும் நாளில் முதல் வேலை, படம் எடுப்பதன்று, முகக்கூடு செய்வது. இடியாப்பத் தட்டுப் போல் எங்கும் துளையிட்ட ஒரு நெகிழித் தகட்டை வெந்நீரில் இட்டால் அது துணிபோல் தளர்கிறது. அதை முகத்தின்மீதும் கழுத்தின்மீதும் தோள்மீதும் இழுத்துப் படியவைத்துப் படுக்கையில் பூட்டுகின்றனர். சில நிமிடங்களில் ஆறி இறுகி, அவர் முகத்தின் அச்சாகவே ஆகிவிடுகிறது. துளைகளின் வழியே தடையின்றி மூச்சு விடலாம். பலருக்கு நாவை மேலண்ணத்திலிருந்து விலக்கிவைக்க வாயில் ஒரு கடிகட்டையும் வைப்பர். படுக்கை, நோயறியும் கருவியில் உள்ளதுபோல் குழிவாக இராது; சிகிச்சைக் கருவியின் படுக்கையைப் போலவே தட்டையாக இருக்கும். சுவரிலிருந்து வரும் லேசர்க் கோடுகள் முகக்கூட்டின்மீது விழும் இடங்களில் குறியிட்டு, சிறு உலோக மணிகளை ஒட்டிய பின்னரே படம் எடுக்கப்படுகிறது. உச்சந்தலை முதல் காறையெலும்புக்குக் கீழ்வரை, 3 மில்லிமீட்டருக்கு ஒன்றாக நூற்றுக்கு மேற்பட்ட குறுக்குவெட்டுகள்.

இதில் நம் வாழ்வோடு ஒட்டிய சில சிறு செய்திகள் உள்ளன. மூக்குத்தியும் தோடும் கழற்றப்பட வேண்டும். கழுத்தில் கதிர் பாய்வதால் தாலிச் சங்கிலியும் முகக்கூட்டுக்குள் இருத்தலாகாது. மணநாள் முதல் கழற்றியறியாத ஒன்றை அயலார் ஒருவர் சைகையால் கழற்றச் சொல்லும்போது அம்மூதாட்டியின் மனம் என்ன பாடுபடும் என்பதை நாம் சொல்லவேண்டியதில்லை. சில நிமிடங்களுக்கு மட்டுமே, முடிந்தவுடன் அணிந்துகொள்ளலாம் என்ற ஒரு தொடர் போதும். அத்தொடர் அவருக்குப் புரியும் மொழியில் வரவேண்டும். கொண்டையும் அப்படித்தான். கொண்டையோடு படுத்தால் தலை ஒருவகையில் சாயும். பின்னலோடு படுத்தால் வேறுவகையில் சாயும். தைப்பூசத்தில் பத்துமலைக்கு முடி காணிக்கை நேர்ந்துகொண்டவர், முகக்கூடு செய்வதற்கு முன்பே அதை நிறைவேற்றிவிடுவது நன்று. நடுவில் மழித்தால் கூடு தளரும். கூடு தளர்ந்தால் தலை நகரும்.

படத்தை ஏன் சி.டி. கருவியிலேயே எடுக்கவேண்டும்? காந்தப்புலத்தால் எடுக்கும் எம்.ஆர்.ஐ. படம் நாவையும் தசையையும் நரம்பையும் இதைவிடத் தெளிவாகக் காட்டுமே? காட்டும், மறுப்பில்லை. ஆனால், சி.டி. படம் உண்மையில் படமன்று, எண்களின் அட்டவணை. உடலின் ஒவ்வொரு சிறு கட்டமும் கதிரை எவ்வளவு வலுக்குறைக்கிறது என்பதை நீரோடு ஒப்பிட்டு ஓர் எண்ணாகக் குறிக்கின்றனர். நீருக்கு 0. காற்றுக்குக் கழித்தல் 1000. கொழுப்பு ஏறத்தாழக் கழித்தல் 100. தசை 50-ஐ ஒட்டி. அடர்ந்த எலும்பு 1000-ஐயும் கடக்கும். நாம் திரையில் காணும் வெண்மையும் கருமையும் இவ்வெண்களுக்குப் பூசிய நிறங்களே.

இவ்வெண்ணுக்கு ஹவுன்ஸ்பீல்டு எண் என்று பெயர். காட்பிரே ஹவுன்ஸ்பீல்டு என்ற ஆங்கிலேயப் பொறியாளர் உருவாக்கிய கருவியில் 1971 அக்டோபர் 1 அன்று, இலண்டன் விம்பிள்டனிலுள்ள அட்கின்சன் மோர்லி மருத்துவமனையில், முதல் நோயாளியின் மூளை படமெடுக்கப்பட்டது. 1979-இல் ஆலன் கார்மக் என்ற இயற்பியலாளரோடு அவர் நோபல் பரிசைப் பகிர்ந்துகொண்டார். அவர் பணியாற்றிய நிறுவனம் ஈ.எம்.ஐ. நம் முன்னோர் வீடுகளில் நாய்ப் படம் பொறித்த இசைத்தட்டுகள் சுழன்றனவல்லவா, அந்த எச்.எம்.வி. முத்திரைக்கு உரிமை பூண்ட நிறுவனமும் அதுவே. பாட்டு விற்ற நிறுவனம் மூளையைப் படமெடுத்தது என்பது மாணவர்க்குச் சொல்லத்தக்க செய்தி.

எண் எதற்கு என்பதற்கு வருவோம். படமெடுக்கும் கதிர் ஏறத்தாழ 120,000 வோல்ட்டில் உண்டாவது. சிகிச்சை செய்யும் நேர்கோட்டு முடுக்கியின் கதிர் பெரும்பாலும் 6 மில்லியன் வோல்ட்டில் உண்டாவது. அவ்வுயர் ஆற்றலில் கதிர் திசுவில் எவ்வளவு தங்கும் என்பதை முடிவு செய்வது, பெரும்பாலும் அவ்விடத்தில் எத்தனை எலெக்ட்ரான்கள் நெருங்கியுள்ளன என்பதுதான். சி.டி. எண்ணிலிருந்து இவ்வடர்த்தியைக் கணிக்க, முன்பே அளவு தெரிந்த பொருள்களைக் கருவியில் வைத்துப் படமெடுத்து ஓர் ஒப்பீட்டுக் கோடு வரைந்துவைத்திருப்பர். தாடையெலும்பைத் துளைத்துச் செல்லும் கதிரும் வாய்க்குழியின் காற்றைக் கடந்து செல்லும் கதிரும் ஒரே அளவில் நாவை அடையா. கணினி இவ்வேறுபாட்டைக் கட்டம் கட்டமாகக் கணக்கிட எண் வேண்டும். எம்.ஆர்.ஐ. தரும் செறிவு, எலெக்ட்ரான் அடர்த்தியை நேரே சொல்வதில்லை.

எண்களை நம்பியிருப்பதால் எண்கள் பொய்க்கும் இடத்தையும் அறியவேண்டும். பல்லில் அடைத்த உலோகம் அத்தகைய இடம். உலோகம் கதிரைப் பெரிதும் விழுங்கிவிடுவதால், படத்தில் அப்பல்லைச் சுற்றி வெள்ளையும் கருப்புமாய் விண்மீன் கதிர்கள்போல் கீற்றுகள் பாயும். கன்னத்தில் அங்குக் காற்று இருப்பதாகவும் எலும்பு இருப்பதாகவும் கணினி எண்ணும்; இருப்பதோ தசை. மருத்துவ இயற்பியலர் அக்கீற்றுகளைச் சுற்றிக் கோடிட்டு, ‘இது மென்திசு’ என்று தாமே எண்ணைத் திருத்தி எழுதுகிறார். கணினி செய்வதைக் கணினியே செய்துகொள்ளும் என்று எண்ணுவோர்க்கு இந்த ஒரு செய்தி போதும்.

அடுத்தது எல்லை வரைதல். இம்மூதாட்டிக்குக் கட்டி இப்போது இல்லை. அறுவை மருத்துவர் எடுத்துவிட்டார். அவ்விடத்தில் தொடையிலிருந்தோ கையிலிருந்தோ எடுத்த தசை தைக்கப்பட்டிருக்கலாம். ஆக, இல்லாத ஒன்றின் இருப்பிடத்தை மருத்துவர் வரையவேண்டும். அறுவைக்கு முன் எடுத்த படங்கள் இங்கேதான் உதவுகின்றன. பழைய எம்.ஆர்.ஐ. படத்தைக் கணினியில் புதிய திட்டப்படத்தின்மீது பொருத்தி, அறுவைக் குறிப்பையும் திசு ஆய்வறிக்கையையும் அருகில் வைத்துக்கொண்டு, வெட்டு வெட்டாகக் கோடிடுகிறார். ஆனால், பழைய படத்தில் அவர் தலையணையில் கழுத்து மடித்துப் படுத்திருந்தார். இன்று கழுத்து நிமிர்ந்து வாய் சற்றுத் திறந்துள்ளது. இரு படங்களும் முழுதும் பொருந்துவதில்லை. “முன்பே எடுத்த படம் போதாதா?” என்ற கேள்விக்கு இதனினும் தெளிவான விடை இல்லை என்பது நம் கருத்து.

எல்லைகள் ஒன்றினுள் ஒன்றாக அமைகின்றன. கட்டி இருந்த இடம். அதைச் சுற்றி, கண்ணுக்குப் புலப்படாத செல்கள் பரவியிருக்கக்கூடிய பரப்பு. அதையும் சுற்றி, நாளுக்கு நாள் படுக்கையில் நேரும் சிறு பிசகுகளுக்கென விடும் ஓரம். கதிர் அளவீட்டுக்கான அனைத்துலக ஆணையம் 1993-இல் வெளியிட்ட 50-ஆம் அறிக்கை இம்முறைக்குப் பொதுமொழி வகுத்தது. கடைசி ஓரம் தலை, கழுத்துப் பகுதியில் பெரும்பாலும் 3 முதல் 5 மில்லிமீட்டர். உளுந்து ஒன்றின் அளவு. நோயாளி அசையாதிருப்பார் என்ற நம்பிக்கைக்கு மருத்துவம் இட்ட அளவு அது. ஓரத்தைப் பெருக்கினால் பிசகுக்கு இடம் கிடைக்கும்; ஆனால், அருகிலுள்ள உமிழ்நீர்ச் சுரப்பி எரியும்.

அச்சுரப்பியைப் பற்றிச் சற்று விரிவாகவே சொல்லவேண்டும். காதுக்குக் கீழே, புட்டாளம்மை கண்டால் வீங்குமே, அதுதான். சிகிச்சை முடிந்து நோய் நீங்கிய பின்னும் ஒருவரின் அன்றாட வாழ்வு எப்படியிருக்கும் என்பதை இச்சுரப்பி பெரிதும் தீர்மானிக்கிறது. உமிழ்நீர் வற்றினால் சோறு தொண்டையில் இறங்காது. ஒவ்வொரு கவளத்துக்கும் நீரோ ரசமோ வேண்டும். பற்கள் விரைவில் சொத்தையாகும். இரவில் நாக்கு அண்ணத்தில் ஒட்டும். பேச்சும் தடைப்படும். சுரப்பி ஏற்கும் சராசரி அளவை 26 கிரேக்குள் நிறுத்த முடிந்தால் உமிழ்நீர் மீள வாய்ப்புண்டு. தண்டுவடத்தை 45 கிரே அளவுக்குள் காப்பது அதனினும் கண்டிப்பான விதி. அதை மீறுவது முடக்கத்துக்கு வழி. பல திசைகளிலிருந்து செறிவு மாற்றிப் பாய்ச்சும் இன்றைய முறையில், இலக்கில் 60 கிரே விழும்போதே ஏறத்தாழ ஒரு செண்டிமீட்டர் தொலைவில் அது பாதியாகக் குறையும்படி வடிவமைக்க இயலும். பிரிட்டனில் தொண்டைப் புற்று நோயாளரிடையே நடந்து 2011-இல் வெளியான ஓர் ஆய்வில், ஓராண்டு கழிந்தபின் குறிப்பிடத்தக்க வாய்வறட்சி பழைய முறையில் சிகிச்சை பெற்றோரில் 74 விழுக்காட்டினருக்கு இருந்தது; சுரப்பியை ஒதுக்கிக் காத்த முறையில் 38 விழுக்காட்டினருக்கே இருந்தது. கன்னத்தின் ஒருபக்கத்தோடு நின்ற நோயாயின், தக்க நோயாளரில் மறுபக்கச் சுரப்பியை ஏறக்குறைய முழுதாகவே காக்கவும் கூடும்.

தாடையெலும்பையும் ஒரு சொல் சொல்லிக் கடப்போம். கதிர் பட்ட தாடையில் பின்னாளில் பல் பிடுங்கினால் புண் ஆறாமல் எலும்பே அழுகக்கூடும். அதனால்தான் புற்றுநோய்க்கு வந்தவரை முதலில் பல் மருத்துவரிடம் அனுப்புகிறார்கள்; எடுக்கவேண்டிய பல்லைச் சிகிச்சைக்கு இரண்டு மூன்று வாரம் முன்னதாகவே எடுத்துவிடுவர். இது காலங்கடத்துதல் அன்று.

திட்டம் முடிய ஒரு வாரமோ சற்றுக் கூடுதலாகவோ ஆகலாம். பின்னர் நாள்தோறும் வருகை. முகக்கூட்டைப் பூட்டி, சிகிச்சைக் கருவியிலேயே பொருத்திய சிறு சி.டி. அமைப்பால் படமெடுத்து, திட்டப்படத்தோடு ஒப்பிட்டு, மில்லிமீட்டர் கணக்கில் படுக்கையை நகர்த்துகின்றனர். ஆனால், படுக்கையை நகர்த்தித் திருத்தக்கூடியது முழு உடலின் இடப்பிசகை மட்டுமே. கழுத்து வளைந்த வகையையும் தோள் தாழ்ந்த அளவையும் படுக்கையால் திருத்த இயலாது.

இவ்விடத்தில் நாம் மிகவும் கருதத்தக்கதாக எண்ணும் ஒன்று உண்டு. அச்சம் கொண்டவர் தோளை உயர்த்துகிறார், கழுத்தை ஒடுக்குகிறார். இது எல்லா உயிர்க்கும் இயல்பு. முகக்கூடு செய்யும் நாளில் என்ன நடக்கிறதென்று புரியாமல் படுத்திருந்தால் அவ்வச்சமும் கூட்டில் வார்க்கப்பட்டுவிடும், திட்டப்படத்திலும் பதிந்துவிடும். ஒரு வாரம் கழிந்து, “வலியில்லை, சுடவில்லை” என்று பழகியபின் தோள் தானே தாழ்கிறது. கழுத்தின் கீழ்ப்பகுதி இப்போது வரைந்த கோட்டில் இல்லை. கருவி பழுதில்லை, கணக்கு பிழையில்லை. முதல்நாளில் ஒரு சொல் குறைந்துபோயிற்று, அவ்வளவே.

“ஜாங்கான் கெராக்” என்று சிகிச்சையாளர் மலாயில் சொல்வதை நம் மூதாட்டியர் பெரும்பாலோர் புரிந்துகொள்வர். அசையாதே என்பது தெரியும். அசைவு எது என்பது தெரியாது. எச்சில் விழுங்குவது அசைவு. நாவைத் துழாவுவது அசைவு. பதில் சொல்ல வாயெடுப்பதும் அசைவுதான். “ஆகட்டும்” என்று தலையாட்டும் நம் பணிவோ எல்லாவற்றிலும் பெரிய அசைவு!

சொற்களும் அச்சத்தைக் கூட்டவோ குறைக்கவோ வல்லவை. தமிழகத்தில் கதிர்ச் சிகிச்சையைக் ‘கரண்டு வைத்தல்’ என்று வழங்குவர். அச்சொல்லைக் கேட்டு வளர்ந்தவர் மின்னதிர்ச்சியை எதிர்பார்த்தே படுக்கையில் உடலை விறைப்பார். கதிர் பாயும் வேளையில் எதுவும் உணரப்படுவதில்லை. தோல் கறுப்பதும் வாய் புண்ணாவதும் வாரங்கள் கழிந்து வருவன. வெளியிலிருந்து பாய்ச்சும் இக்கதிர் உடலில் தங்குவதுமில்லை. வீடு திரும்பிய பாட்டி பேரக்குழந்தையைத் தாராளமாக மடியில் வைத்துக்கொள்ளலாம். இதைச் சொல்லாததால் ஏழு வாரம் தனி அறையில் ஒதுங்கிக் கிடப்போரும் உளர்.

நடுவில் உடல் மெலிவதும் எதிர்பார்க்கத்தக்கதே. வாய்ப்புண்ணால் உணவு குறைய, கன்னம் வற்ற, கூடு தளர்கிறது. சுரப்பியும் சுருங்கி உட்புறமாக நகர்கிறது. வாரத் தொடக்கத்தில் காக்கப்பட்ட இடத்திலிருந்து மிகுகதிர் விழும் இடத்துக்கு வந்துவிடக் கூடும். அப்போது புதுக்கூடு செய்து, மீண்டும் ஒரு திட்டப்படம் எடுத்து, கணக்கைப் புதிதாகத் தொடங்குவர். வீட்டில் மறுபடியும் அதே கேள்வி எழும்: “இன்னும் ஒன்று எதற்கு?” நோய் முற்றிவிட்டதோ என்ற கலக்கமும் அதனுள் இருக்கும். பெரும்பாலும் அப்படியன்று, சட்டை தளர்ந்ததால் மறுபடி அளவெடுக்கிறார்கள்.

சுங்கை வேயிலிருந்து மலாயாப் பல்கலைக்கழக மருத்துவ மையத்துக்கோ கோலாலம்பூர் மருத்துவமனைக்கோ புத்ராஜெயாவிலுள்ள தேசியப் புற்றுநோய்க் கழகத்துக்கோ பாட்டியை அழைத்துச் செல்பவர் பல வீடுகளில் வேலைக்குப் போகாத ஒருவரே, அதாவது பள்ளி விடுமுறையிலிருக்கும் பேரனோ பேத்தியோதான். மொழிபெயர்ப்பாளரும் அப்பிள்ளையே. பதினைந்து வயதுப் பிள்ளைக்கு ‘உமிழ்நீர்ச் சுரப்பி’ என்ற சொல் அறிவியல் பாடத்தில் தெரியும். அதைப் பாட்டிக்குச் சொல்லும் சொல் தெரிகிறதா என்பதை ஆசிரியர்கள் வகுப்பில் சோதித்துப் பார்க்கலாம். முகக்கூடு செய்யும் அறைக்கு வெளியே, கதவு மூடுவதற்கு முன், அப்பிள்ளை சொல்லவேண்டியது மிகுதியில்லை: “பாட்டி, முகத்தில் வெதுவெதுப்பாக ஈரத்துணிபோல் ஒன்று வைப்பார்கள், கொஞ்ச நேரத்தில் இறுகும். மூச்சு நன்றாக விடலாம். தோளைத் தளர்த்திக் கீழே விடுங்கள். எச்சில் வந்தால் இப்போதே விழுங்கிவிடுங்கள். தாங்க முடியாவிட்டால் தலையாட்டாதீர்கள், கையைத் தூக்குங்கள். அவர்கள் கண்ணாடி வழியாகப் பார்த்துக்கொண்டே இருப்பார்கள்.”